லெஸ்லி ஓல்ட்ராய்ட் திரும்ப வாசித்தது

லெஸ்லி ஓல்ட்ராய்ட் வாசித்ததையே திரும்ப வாசிக்கிறான் என்று நார்மன் கிரெஸ்வெல்லுக்கு முதன்முதலாகப் பட்டது அக்டோபர் இரண்டாம் ஞாயிறு, மதியம் ஒன்றே கால் மணிக்கு. அப்போது அவன் செய்ய வேண்டியது ஒரே ஒரு சின்னக் காரியம். கையிலிருக்கும் டிரம்ஸ் குச்சிகளைக் கீழே வைத்துவிட வேண்டும். அவன் வைக்கவில்லை.

தன் காதின் மேல்தான் முதலில் சந்தேகப்பட்டான். ராதர்ஹாம் உருக்காலையில் உலை முன்னால் இருபத்தேழு வருஷம் நின்றவன். இடது காது எப்போதோ போய்விட்டது. ஆலையை மூடி ஆட்களை வீட்டுக்கு அனுப்பியபோது வலது காதில் முக்கால்வாசி மிச்சமிருந்தது. அந்த முக்கால் காதை வைத்துக்கொண்டு, போன வாரம் கேட்டதும் இந்த வாரம் கேட்பதும் ஒன்று என்று சத்தியம் பண்ண முடியுமா?

அடுத்த ஞாயிறு காத்திருந்தான். மில்டன் ஆர்ம்ஸ் மதுக்கடையின் மாடியறையில் வழக்கம்போல ஏழெட்டுப் பேர். கீழே, சாப்பாட்டுக்கு முன்னால் ஒரு கிளாஸ் ஊற்றிக்கொள்ள வந்தவர்கள் டார்ட்ஸ் எறிந்துகொண்டிருந்தார்கள். கடைக்காரன் பெர்னார்ட் ஹேக் படியில் நின்று கத்தினான்.

"ஏய், ரெண்டு கிழடுங்களா! கொஞ்சம் மெதுவா வாசிங்கடா. போன வாரம் கீழ ஒருத்தன் இடி இடிக்குதுன்னு குடையை எடுத்துட்டு வீட்டுக்கே போயிட்டான்!"

"காசு குடுக்காம ஓடுறதுக்கு அவனுக்கு ஒரு சாக்கு வேணும், பெர்னார்ட்," என்று லெஸ்லி குனிந்தபடியே சொன்னான். பியானோவின் ஒலி மாறி விநோதமாகக் கேட்பதற்காக அதன் கம்பிகளுக்கு நடுவே போல்ட்டுகளைச் செருகிக்கொண்டிருந்தான். எல்லாம் நார்மன் ஆலையிலிருந்து சட்டைப்பையில் கொண்டுவந்த போல்ட்டுகள்.

பிறகு தொடங்கினான். வலது கை மேலேயிருந்து மாடிப்படி இறங்குவதுபோல வந்தது. நாலு படி இறங்கி, எதையோ மறந்து வைத்தவன்போல இரண்டு படி ஏறியது. இடது கை காத்திருந்து, அடியில் இரண்டு கட்டைகளை மட்டும் தட்டியது, சரக்கு வண்டிப் பெட்டியைக் கோக்கிற சத்தம் மாதிரி. அதேதான். ஆனாலும் நார்மன் தனக்குத்தானே சமாதானம் சொல்லிக்கொண்டான். ஒரு மனுஷனுக்கு இரண்டு கைதானே, எங்கேயாவது முன்பு போன வழியில் போகத்தானே செய்யும்.

அப்போது அந்தச் சறுக்கல் வந்தது.

இரண்டு வாரத்துக்கு முன்னால் லெஸ்லியின் மோதிர விரல் ஒரு கறுப்புக் கட்டையிலிருந்து வழுக்கிப் பக்கத்து வெள்ளைக் கட்டையில் விழுந்திருந்தது. சுத்தமான பிழை. லெஸ்லி அதை விடவில்லை. அந்தப் பிழையையே பிடித்துக்கொண்டு, அதுவே வழி என்பதுபோல அதன் பின்னால் போய்விட்டான். நார்மனுக்கு உடம்பு சிலிர்த்திருந்தது. இப்போது அதே இடத்தில், அதே விரல், அதே கட்டையிலிருந்து வழுக்கியது. பாட்டு தற்செயலாகத் திரும்ப வரலாம். பிழை அப்படி வராது. விரல் அதை மனப்பாடம் பண்ணியிருந்தால்தான் வரும்.

கேட்டவர்கள் கைதட்டினார்கள். வழக்கத்தைவிடப் பலமாகவே தட்டினார்கள்.

அவர்கள் இருவருக்கும் நடுவே ஒரு சட்டம் இருந்தது. லெஸ்லி போட்டது. ஐம்பத்தெட்டில், மெத்தடிஸ்ட் கோயிலின் பின்கூடத்தில், இருவரும் நடன இசைக்குழுவை விட்டு வெளியே வந்த மாதம். "ஒரு தடவை வாசிச்சா அது செத்துப்போச்சு, நார்ம். பொணத்தைத் தோண்டி எடுத்துக் குளிப்பாட்டிக் காட்டுறதுக்குத்தான் மத்தவங்க இருக்காங்களே. நாம வேண்டாம்." ஒருவன் முன்பு வாசித்ததைத் திரும்ப வாசிப்பது காதில் விழுந்தால், மற்றவன் உடனே நிறுத்திவிட வேண்டும். கோபம் கிடையாது, விளக்கம் கிடையாது, நிறுத்திவிட வேண்டும். இத்தனை வருஷத்தில் நார்மனுக்கு மூன்று முறை அது நடந்திருக்கிறது. மூன்று முறையும் லெஸ்லி மடியில் கையை வைத்துக்கொண்டு ஜன்னலைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தான். அவமானம் என்றால் அப்படி ஓர் அவமானம். லெஸ்லிக்கு ஒரு தடவைகூட நடந்ததில்லை.

இந்தச் சட்டத்தால் லெஸ்லி சம்பாதித்தது ஒன்றுமில்லை. தொழிலாளர் கிளப் ஒன்றில் இவர்களைக் கூப்பிட்டார்கள். பத்து நிமிஷம் வாசித்ததும் கிளப் செயலாளர் மைக்கைப் பிடித்து, "அன்பர்களே, இவர் பியானோவை ரிப்பேர் பண்ணி முடிச்சதும் நிகழ்ச்சி ஆரம்பிக்கும், அதுவரைக்கும் பிங்கோ" என்றார். முந்நூறு பேர் சிரித்தார்கள். லெஸ்லியும்தான் சிரித்தான். பிறகு லண்டனுக்குப் போனான். மூன்று வருஷம் இருந்தான். ஐந்நூறு பிரதி போட்ட ஓர் இசைத்தட்டு வந்தது. ஒரு பத்திரிகை அவனை மேதை என்றது, இன்னொன்று மேசை நாற்காலியை மாடியிலிருந்து தள்ளிவிடும் ஆசாமி என்றது. தாய் படுக்கையில் விழுந்ததும் திரும்பி வந்தான். அவள் சாக ஒன்பது வருஷமானது. அதற்குள் லண்டன் அவனை மறந்துவிட்டது. குழந்தைகளின் நடன வகுப்புக்கு வாரம் நாலு நாள் பியானோ வாசித்தான். அங்கே மட்டும் சட்டம் கிடையாது. ஒரே போல்கா, இருபது வருஷம். ஞாயிற்றுக்கிழமை மதியம்தான் அவனுக்கு மூச்சு.

நார்மன் வியாழக்கிழமை லெஸ்லியின் வீட்டுக்குப் போனான். லெஸ்லி நடன வகுப்பில் இருக்கும் நேரம் பார்த்துத்தான் போனான். அக்கா எனிட் கதவைத் திறந்தாள். கல்யாணம் செய்துகொள்ளாதவள். ஆலைக் கேன்டீனில் முப்பது வருஷம் உருளைக்கிழங்கு உரித்த கை. நார்மனின் முகத்தைப் பார்த்ததும் ஒன்றும் கேட்காமல் அடுப்பில் தண்ணீர் வைத்தாள். பிறகு அலமாரியைத் திறந்து காட்டினாள். உள்ளே ரொட்டியில் தடவுகிற மார்ஜரின், பதினொரு பாக்கெட்.

"தினமும் ஒண்ணு வாங்கிட்டு வர்றான். தீர்ந்துபோச்சுல்லன்னு என்னைக் கேக்குறான்."

"எப்பலேர்ந்து?"

"மறதி கோடையிலேர்ந்து. ஷெஃபீல்டுல படம் எடுத்துப் பாத்தாங்க. மூளை சுருங்குதாம்."

"அவனுக்குத் தெரியுமா?"

"டாக்டர் மூஞ்சிக்கு நேராத்தான் சொன்னாரு. பஸ்ல வர்றப்ப தெரிஞ்சிருந்துச்சு. என் கையைப் புடிச்சுக்கிட்டே வந்தான். நாப்பது வருஷத்துல அவன் என் கையைப் புடிச்சதில்ல. வீட்டுக்கு வந்து கோட்டைக் கழட்டினான். கழட்டினதோட அதுவும் போச்சு." எனிட் தேநீரை அவன் முன்னால் தள்ளினாள். "குடி. நீ ஏன் வந்தேன்னு எனக்குத் தெரியும்."

"அதையேதான் வாசிக்கிறான், எனிட்."

"கேக்குறதுக்கு நல்லா இருக்குன்னு பெர்னார்டோட பொண்டாட்டி சொன்னா. முதல்முறையா நல்லா இருக்காம். மார்க்கெட்ல நிறுத்திச் சொன்னா."

"நல்லா இருக்கு. அதனாலதான்."

"இங்க பாரு. மான்செஸ்டர்லேர்ந்து ரேடியோக்காரன் வர்றான். கடுதாசி வந்திருக்கு. நவம்பர் ஒன்பதாந் தேதி, ஞாயிறு. எவனோ ஒருத்தன் போய்ச் சொல்லியிருக்கான், ராதர்ஹாம்ல ஒரு கிழவன் அருமையா ஒண்ணு வாசிக்கிறான்னு. அறுபத்தோரு வயசுல அவனுக்கு ஒரு கடுதாசி. தினமும் காலைல எடுத்துப் படிக்கிறான். தினமும் புதுசா சந்தோஷப்படுறான்." எனிட் மேசைத் துணியின் மடிப்பை நீவினாள். "நீ கெடுத்துடாத, நார்மன்."

"எங்கிட்ட வாக்கு வாங்கியிருக்கான்."

"யாருக்குக் குடுத்த வாக்கு? அந்த ஆளு இப்ப எங்க இருக்கான்? காட்டு பாப்போம்."

நார்மனுக்கு வாக்கு கொடுத்த நாள்தான் நினைவுக்கு வந்தது. எழுபத்தொன்றில் லீட்ஸ் நகரில் வயதான ஒரு பியானோக்காரரைக் கேட்டுவிட்டு இருவரும் ரயிலில் திரும்பினார்கள். அந்த மனிதர் ஒரு காலத்தில் இவர்களுக்குத் தெய்வம். அன்று தன் பழைய சேட்டைகளையே வரிசையாக எடுத்துக் காட்டினார். சபை எழுந்து நின்று தட்டியது. பாதி வழியில் லெஸ்லி சொன்னான். "நான் அப்படி ஆனா நீதான் சொல்லணும். வேற எவனும் சொல்லமாட்டான். கைதான் தட்டுவான். எவ்வளவு பெரிய எடமா இருந்தாலும் சரி, எவன் உக்காந்திருந்தாலும் சரி. நிறுத்துறியா?" நார்மன் சரி என்றான். அப்போது எது கேட்டாலும் சரி சொல்லியிருப்பான். லெஸ்லி கையைப் பிடித்துக் குலுக்கி வாங்கிக்கொண்டான், ஆலையில் யூனியன் ஒப்பந்தம் முடிப்பதுபோல.

அடுத்த இரண்டு ஞாயிறும் நார்மன் ஒரு கோழை செய்வதைச் செய்தான். லெஸ்லி அதையே வாசித்தான். நார்மன் அடியில் ஒவ்வொரு தடவையும் வேறு வேறாக அடித்தான். ஒரு வாரம் டிரம்மின் தோலைக் கையால் தடவினான், ஒரு வாரம் சிம்பலின் விளிம்பைச் சங்கிலியால் உரசினான். தான் தள்ளினால் லெஸ்லி பாதை மாறுவான் என்று ஒரு நப்பாசை. லெஸ்லி மாறவில்லை. தண்டவாளத்தில் போவதுபோல அதன் மேலேயே போனான். வண்டி அந்தச் சறுக்கலில் ஏறி இறங்கி, மறுபடியும் சரியாக ஓடியது. ஒவ்வொரு வாரமும் கேட்க வருகிறவர்கள் நாலைந்து பேர் அதிகமானார்கள். நாலாவது வாரம் ஒருத்தி கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

ஒன்பதாந் தேதி மாடியறையில் நாற்பது பேர். பெர்னார்ட் கீழேயிருந்து நாற்காலி தூக்கிக்கொண்டு வந்தான். எனிட் தொப்பி வைத்துக்கொண்டு முன்வரிசையில் உட்கார்ந்திருந்தாள். ரேடியோக்காரன் கொலின் திரெல்ஃபால் முப்பது வயதுக்காரன், நல்ல பையன், மைக்கைப் பியானோவுக்கு எவ்வளவு பக்கத்தில் வைப்பது என்று லெஸ்லியிடம் மரியாதையாகக் கேட்டான்.

"எங்க வேணாலும் வை தம்பி. உள்ள போல்ட்டு இருக்கு, கண்ணைக் கிண்ணைக் குத்திக்காத."

"உங்க இசைத்தட்டு எங்கிட்ட இருக்கு, மிஸ்டர் ஓல்ட்ராய்ட். காலேஜ்ல படிக்கிறப்ப வாங்கினேன்."

"அப்ப நீதானா அது? ஐந்நூறு போட்டாங்க, நானூத்துத் தொண்ணூத்தொம்பது எங்க மாடிப்படிக்கு அடியில கெடக்கு. எனிட் கால்ல இடிக்குதுன்னு தினம் திட்டுறா."

எல்லோரும் சிரித்தார்கள். லெஸ்லி தலையைப் படிய வாரியிருந்தான். கன்னத்தில் சவரக் கத்தி பட்ட இடத்தில் எனிட் ஒட்டிய காகிதத் துணுக்கு. இவனைவிடச் சந்தோஷமான ஆள் அன்று யார்க்ஷயரில் இருந்திருக்க முடியாது. நார்மன் குச்சிகளை எடுத்தான். தனக்குள் ஓர் ஏற்பாடு செய்துகொண்டான். சறுக்கல் வரவில்லையென்றால் கடைசிவரை வாசித்துவிடுவது. வந்தால் நிறுத்துவது. வரக்கூடாது என்று, கோயிலுக்குப் போகாத அந்த மனிதன் யாரையோ கும்பிட்டான்.

வலது கை இறங்கியது. நாலு படி. ஏறியது, இரண்டு. அடியில் வண்டிப் பெட்டி கோத்தது. திரெல்ஃபால் கண்ணை மூடினான். எனிட் நார்மனையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

மோதிர விரல் கறுப்புக் கட்டையின் மேல் போனது. வழுக்கியது.

நார்மன் குச்சிகளைக் கீழே வைத்தான்.

லெஸ்லி அரை நிமிஷம் தனியாகப் போனான். கேட்டவர்கள் இதுவும் வாசிப்பின் ஒரு பகுதி என்றுதான் நினைத்திருப்பார்கள். பிறகு பியானோ மெதுவானது. லெஸ்லி தலையைத் திருப்பினான். டிரம்ஸைப் பார்த்தான், கீழே கிடந்த குச்சிகளைப் பார்த்தான், நார்மனைப் பார்த்தான். முகத்தில் ஒவ்வொன்றாக விளக்கு போட்டதுபோல எல்லாம் வந்தது. டாக்டர், பஸ், அக்காவின் கை, எல்லாம்.

"எத்தனை தடவை?"

"எனக்குத் தெரிஞ்சு ஆறு, லெஸ்."

"ஆறா." உதட்டை மடித்தான். "முதல் தடவையைக் கழிச்சா நாலு தடவை விட்டுட்ட."

"விட்டுட்டேன்."

"அதே மாதிரியேவா? அப்படியேவா?"

"விரல் வழுக்குற எடம்கூட."

லெஸ்லி தன் வலது கையை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். வேறு யாருடையதோ என்பதுபோல. பியானோவின் மூடியைச் சத்தமில்லாமல் மூடினான். "மிஷினை நிறுத்து தம்பி. இதுவரைக்கும் புடிச்சதை அழிச்சிடு."

திரெல்ஃபால் எழுந்து நின்றான். "மிஸ்டர் ஓல்ட்ராய்ட், நான் கேட்டதுலயே இதுதான்... ரொம்ப நல்லா இருந்துச்சு."

"இருக்கும். அஞ்சு வாரமா ஒத்திகை பாத்திருக்கேனே. அழிச்சிடு. உனக்குப் புண்ணியமாப் போகும்."

அவன் அழித்தான். எல்லோர் முன்னாலும், சுருளைப் பின்னால் ஓட்டி, அழித்துக் காட்டினான். நாற்பது பேரும் மாடிப்படியில் இறங்கும் சத்தம் மட்டும் கொஞ்ச நேரம் கேட்டது. எனிட் கையுறையை ஒவ்வொரு விரலாக மாட்டிக்கொண்டு நார்மன் முன்னால் வந்து நின்றாள்.

"இப்ப வயிறு நெறஞ்சுதா? வீட்டுக்குப் போய்ச் சாப்பிட வேண்டாம் நீ."

"அவனைத் திட்டாத, எனிட்," என்றான் லெஸ்லி. கோட்டை மாட்டியபடி வந்து நார்மனின் தோளில் கை வைத்து அழுத்தினான். "நன்றிடா." அவ்வளவுதான் சொன்னான். அக்காவோடு இறங்கிப் போய்விட்டான். நார்மன் டிரம்ஸைக் கழற்றிக் கட்ட ஒரு மணி நேரமானது. வழக்கமாக அது பத்து நிமிஷ வேலை.

அந்த வாரம் முழுவதும் அவன் வெளியே போகவில்லை. செய்தது சரி என்று காலையில் தோன்றும். மத்தியானம் எனிட்டின் முகம் வந்து நிற்கும். கடைசியில் இப்படி முடித்துக்கொண்டான்: அவன் கேட்டான், நான் செய்தேன், முடிந்தது. இருபத்தெட்டு வருஷம். இனி ஞாயிற்றுக்கிழமை என்பது மற்றவர்களுக்கு இருப்பதுபோல எனக்கும் ஒரு ஞாயிற்றுக்கிழமை.

பதினாறாந் தேதி பதினொன்றரை மணிக்குக் கதவு தட்டப்பட்டது. நார்மன் காலுறையோடு போய்த் திறந்தான். அடுப்பில் இறைச்சி வெந்துகொண்டிருந்தது. வாசலில் லெஸ்லி. கோட்டு, மஃப்ளர், கையில் போல்ட்டு டப்பா. தெருமுனையில் எனிட் நின்றுகொண்டிருந்தாள். கிட்டே வரவில்லை.

"என்னடா இன்னும் செருப்புகூடப் போடல? மணி என்ன ஆச்சு பாரு. பெர்னார்ட் கத்துவான்."

"லெஸ்... போன வாரம்..."

"போன வாரம் என்ன?"

நார்மன் அந்த முகத்தைப் பார்த்தான். துடைத்துவைத்த தட்டு மாதிரி இருந்தது. குளிரில் மூக்கு சிவந்து, கண் பளபளத்து, வாசிக்கப் போகிற மனுஷனின் முகம். சொன்னால் இது மறுபடியும் ஒவ்வொன்றாக அணையும். எத்தனை தடவை என்று கேட்பான். கையைத் திருப்பித் திருப்பிப் பார்ப்பான். நன்றி சொல்வான். கோட்டைக் கழற்றினால் மறந்துபோகும். அடுத்த ஞாயிறு திரும்ப வந்து நிற்பான், திரும்பவும் சொல்ல வேண்டும். ஒரு மனுஷனை ஒரு தடவை அடித்து வீழ்த்தச் சொல்லித்தான் வாக்கு வாங்கினான். வாரா வாரம் அல்ல.

"போன வாரம் என்னடா?"

"ஒண்ணுமில்ல. கூட்டம் கொஞ்சம் கம்மி."

"எப்பதான் கூட்டம் இருந்துச்சு நமக்கு? செருப்பைப் போடு."

நார்மன் அடுப்பை அணைத்தான். தெருமுனையைத் தாண்டும்போது எனிட் எதிர்ப்பக்கம் பார்த்துக்கொண்டாள். அவர்கள் போன பிறகு பின்னாலேயே நடந்துவந்தாள்.

மாடியறையில் எனிட்டையும் சேர்த்து மூன்று பேர். பெர்னார்ட் படியில் ஏறி வந்து வாயைத் திறந்தான். நார்மன் தலையை அசைத்ததும் மூடிக்கொண்டு இறங்கிவிட்டான். லெஸ்லி போல்ட்டுகளைச் செருகினான். உட்கார்ந்தான். எங்கிருந்து தொடங்குவது என்று தேடுகிறவன்போலக் கட்டைகளின் மேல் கையை மிதக்கவிட்டான். பிறகு நாலு படி இறங்கினான், இரண்டு படி ஏறினான்.

நார்மனுக்கு இப்போது அதன் ஒவ்வொரு மூலையும் தெரியும். எங்கே மூச்சு வாங்கும், எங்கே ஓடும் என்று தெரியும். இத்தனை நாளும் அதற்கு எதிராக அடித்துப் பார்த்தவன், முதன்முதலாக அதற்காக அடித்தான். சரக்குப் பெட்டி கோக்கிற இடத்தில் பெரிய டிரம்மைக் காலால் லேசாகத் தொட்டான். சறுக்கல் வருவதற்கு ஒரு நொடி முன்னாலேயே கையைத் தூக்கி அதற்கு இடம் விட்டான். விரல் வழுக்கி அந்தக் காலியிடத்தில் வந்து விழுந்தது. ஒத்திகை பார்த்த இரண்டு பேர் வாசிப்பதுபோல இருந்தது. அவன் வாழ்க்கையில் இவ்வளவு கச்சிதமாக ஒன்று அமைந்ததில்லை. வாசித்துக்கொண்டிருக்கும்போதே அவனுக்கு அழுகை வந்தது. காது கேட்காத பக்கமாக முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

முடித்ததும் லெஸ்லிக்கு வேர்த்திருந்தது. முகம் பூரித்துக் கிடந்தது. குழந்தை மாதிரி நார்மனைப் பார்த்துச் சிரித்தான்.

"நான் போற எடத்துக்கு முன்னாடியே நீ போய் நிக்குறியேடா! எப்படிடா தெரிஞ்சுது?"

"தெரியல. தோணுச்சு."

"இது மாதிரி நாம ஒருநாளும் வாசிச்சதில்ல, என்ன?"

பின்னாலிருந்து எனிட் எழுந்து நிற்கும் சத்தம் கேட்டது. நார்மன் குச்சிகளை இறுக்கிப் பிடித்துக்கொண்டு, லெஸ்லியின் கண்ணைப் பார்த்துத்தான் சொன்னான்.

"இல்லடா. இதுதான் முதல் தடவை."